மங்காவை வலமிருந்து இடமாகப் படிப்பது எப்படி

ஜப்பானியச் சித்திரக்கதையான மங்காவை முதன்முறையாகக் கையில் எடுப்பவர் நம் வழக்கப்படி அட்டையைப் புரட்டினால், கதையின் கடைசிப் பக்கம்தான் கண்ணில் படும். துப்பறியும் கதையாக இருந்தால் கொலையாளி யாரென்பது அப்போதே தெரிந்துவிடும். ஆகவே, புத்தகத்தின் முதுகு உங்கள் வலக்கைப் பக்கம் இருக்குமாறு பிடித்துத் திறக்க வேண்டும். ஜப்பானிய மொழியை மேலிருந்து கீழாக எழுதி, வரிகளை வலமிருந்து இடமாக அடுக்கும் மரபே இதற்குக் காரணம்.

பக்கத்தின் வலது மேல்மூலையில் தொடங்கி இடப்பக்கம் நகருங்கள். அந்த வரிசை முடிந்ததும் அடுத்த வரிசையின் வலது முனைக்கு இறங்குங்கள். ஒரே கட்டத்தில் இருவர் பேசினால், வலப்பக்கம் மேலே இருக்கும் பேச்சுக்குமிழியே முதலில் வரும். இந்த முறையை மாற்றிப் படித்தால் பதில் முன்னும் கேள்வி பின்னுமாகிவிடும்.

சிக்கல் வருவது சமமில்லாத கட்டங்களில்தான். வலப்பக்கம் ஒன்றன்கீழ் ஒன்றாக இரு சிறு கட்டங்களும் இடப்பக்கம் நெடுங்கட்டம் ஒன்றும் இருந்தால், சிறியவை இரண்டையும் முடித்த பிறகே நெடுங்கட்டத்துக்குச் செல்ல வேண்டும். ஐயம் வந்தால் கட்டங்களுக்கு இடையிலுள்ள வெள்ளை இடைவெளியைப் பாருங்கள்: பக்கத்துப் பக்கத்துக் கட்டங்களுக்கு இடையே அது பெரும்பாலும் குறுகலாகவும், மேல்வரிசைக்கும் கீழ்வரிசைக்கும் இடையே சற்று அகலமாகவும் இருக்கும். யோன்கோமா எனப்படும் நான்கு கட்டத் துணுக்குகளை மட்டும் மேலிருந்து நேர்கீழாகப் படிக்க வேண்டும். திருப்பம் வழக்கமாக மூன்றாவது கட்டத்தில் வரும்.

படத்தோடு கலந்து வரையப்பட்டிருக்கும் ஓசைச் சொற்களைத் தாண்டிச் செல்லாதீர்கள். சலசல, படபட என்று இரட்டைக்கிளவியில் ஊறிய நமக்கு, இதயத் துடிப்பைக் குறிக்கும் 'டோகி டோகி' அந்நியமாகத் தோன்றாது. ஆனால் ஓசையே இல்லாத நிசப்தத்துக்கும் 'ஷீன்' என்றொரு சொல் வைத்திருக்கிறார்கள் பாருங்கள், அது என்னை இன்றும் வியக்க வைக்கிறது.

பழைய மொழிபெயர்ப்புகள் சில, கண்ணாடி பிம்பமாகத் திருப்பி அச்சிடப்பட்டவை. அதைக் கண்டுபிடிக்கக் கிமோனோ உதவும். அணிந்திருப்பவரின் இடப்பக்க மடிப்பே மேலே படிய வேண்டும். இறந்தவர்களுக்கு மட்டுமே மாற்றி உடுத்துவார்கள். உயிரோடு நடமாடும் அத்தனை பேரும் மாற்றி உடுத்தியிருந்தால், அந்தப் புத்தகத்தை இடமிருந்து வலமாகவே படியுங்கள்.