ஓவனில் பிரெஞ்சு டோஸ்ட்: தோசைக்கல் பழக்கத்தால் வரும் தவறுகள்

பிரெஞ்சு டோஸ்டை நம்மில் பலரும் முதலில் பாம்பே டோஸ்ட் என்ற பெயரில்தான் அறிந்திருப்போம். பிரெட் துண்டை முட்டை, பால், சர்க்கரைக் கலவையில் முக்கி, நெய் தடவிய தோசைக்கல்லில் இரண்டு பக்கமும் சிவக்கவிட்டு எடுத்தால் ஐந்து நிமிடத்தில் சிற்றுண்டி தயார். அந்தக் கைப்பழக்கத்தோடு ஓவன் பக்கம் போகும்போதுதான் சிக்கல் வருகிறது. தோசைக்கல்லுக்குப் பொருத்தமான மெல்லிய துண்டு, அவசர முக்கல், கடும் சூடு, எடுத்த கையோடு பரிமாறுவது ஆகிய நான்குமே ஓவனில் எதிராக வேலை செய்கின்றன. மேலே கருகி உள்ளே சொதசொதவென்று இருப்பதும், அடியில் தண்ணீர் தேங்குவதும், முட்டை வாடை அடிப்பதும் பெரும்பாலும் இங்கிருந்து வருபவைதான்.

காரணம் எளிமையானது. தோசைக்கல்லில் பிரெட்டின் மேற்பரப்பு மட்டும் சூட்டைத் தொடுகிறது. ஒட்டியிருக்கும் கலவை நொடியில் வெந்துவிடும். ஓவனிலோ ஒரு பாத்திரம் நிறைய பாலும் முட்டையும் பிரெட்டுக்குள் ஊறி நிற்கின்றன. அவை மெதுவாக உறைந்து கஸ்டர்டாக வேண்டும். அதாவது, நாம் கவனிக்க வேண்டியது பிரெட்டை அல்ல, அதற்குள் இருக்கும் கஸ்டர்டை. இதை மனத்தில் வைத்துக்கொண்டால் பாதித் தவறுகள் வராது.

முதலில் அளவைச் சொல்லிவிடுகிறேன். நால்வர் முதல் ஆறு பேர் வரை சாப்பிட 400 கிராம் பிரெட், 5 முட்டை, 500 மில்லி முழுக்கொழுப்புப் பால், 75 கிராம் சர்க்கரை, கால் தேக்கரண்டி உப்பு, ஒரு தேக்கரண்டி வெனிலா எசென்ஸ், அரைத் தேக்கரண்டி பட்டைத்தூள், 30 கிராம் வெண்ணெய். ஏறக்குறைய 20க்கு 28 சென்டிமீட்டர் பாத்திரம் போதும். இது 25, 30 லிட்டர் ஓ.டி.ஜி.க்குள் (மேலும் கீழும் சூடாகும் கம்பி உள்ள சிறிய மேசை ஓவன்) தாராளமாக நுழையும்.

பிரெட்டில் தொடங்கும் தவறு

சாண்ட்விச் செய்வதற்காக மெல்லியதாக வெட்டி வரும் பாக்கெட் பிரெட் இந்த வேலைக்கு உதவாது. அந்தத் துண்டில் கலவையைப் பிடித்து வைக்க உள்ளே இடமே இல்லை. ஊறிய சில நிமிடத்தில் கூழாகிவிடும். அருகிலுள்ள பேக்கரியில் வெட்டாத முழு மில்க் பிரெட் கேளுங்கள். வீட்டில் ரம்பப்பல் கத்தியால் இரண்டரை சென்டிமீட்டர் கனத்துக்கு வெட்டிக்கொள்ளலாம். பிரியோஷ் கிடைக்கிற ஊரில் இருப்பவர்கள் அதையே எடுத்துக்கொள்ளலாம். அதில் வெண்ணெயும் முட்டையும் ஏற்கெனவே இருப்பதால் சுவை கூடும். ஆனால் கலவையில் சர்க்கரையைக் கொஞ்சம் குறைக்க வேண்டும்.

அன்று காலை வாங்கிய மிருதுவான பிரெட்டை அப்படியே ஊறவைப்பது அடுத்த தவறு. "பழைய பிரெட்டாக இருக்கட்டும்" என்று எல்லாச் செய்முறைகளும் சொல்கின்றன. அதைக் கேட்டுச் சிலர் பிரெட்டை ஃப்ரிட்ஜில் வைத்துப் பழையதாக்குகிறார்கள். அங்கே பிரெட் விறைப்பாவது உண்மை. மாவுச்சத்து குளிரில் மறுபடி இறுகுவதால் வரும் விறைப்பு அது. ஈரம் அதிகம் போய்விடுவதில்லை. ஓவன் சூடு பட்டதும் அந்த விறைப்பும் தளர்ந்துவிடும். நமக்கு வேண்டியது ஈரம் குறைந்த பிரெட். துண்டுகளைக் கம்பித் தட்டில் பரப்பி, 150 டிகிரியில் பத்து முதல் பதினைந்து நிமிடம் வையுங்கள். நடுவில் ஒருமுறை திருப்பிவிடுங்கள். நிறம் மாறக் கூடாது; விரலால் தடவினால் மேற்பரப்பு வறட்டென்று இருக்க வேண்டும், அழுத்தினால் நடுவில் லேசாக அமுங்க வேண்டும். இந்தக் கால் மணி நேரம் வீண் என்று தோன்றலாம். என் கணக்கில் முழுச் செய்முறையிலும் இதற்கு ஈடான படி வேறில்லை. போன ஈரத்தின் இடத்தைத்தான் பாலும் முட்டையும் நிரப்பப் போகின்றன.

கலவை

நம் வீடுகளில் பாலைக் காய்ச்சித்தான் வைப்போம். சூடாக இருக்கும்போதே முட்டையில் ஊற்றினால் முட்டை அங்கேயே வெந்து திரிதிரியாகிவிடும். ஃப்ரிட்ஜிலிருந்து எடுத்த சில்லென்ற பாலோ பிரெட்டுக்குள் மெதுவாகத்தான் இறங்கும். கை பொறுக்கும் வெதுவெதுப்பு சரியானது. ஆடையை எடுத்துவிட்டு ஊற்றுங்கள். பாலின் கொழுப்பும் முக்கியம். 6 சதவீதக் கொழுப்புள்ள முழுக்கொழுப்புப் பாலுக்கும் 3 சதவீதமுள்ள சமன்படுத்திய பாலுக்கும் உள்ள வேறுபாடு வெந்த பிறகு நாக்கில் தெளிவாகத் தெரியும். சமன்படுத்திய பால்தான் இருக்கிறது என்றால் அரைக் கிண்ணம் பாலுக்குப் பதிலாக ஃபிரெஷ் கிரீம் சேர்த்துக்கொள்ளுங்கள்.

வெளிநாட்டுச் செய்முறையை அப்படியே பின்பற்றுபவர்கள் முட்டையின் அளவை மறந்துவிடுகிறார்கள். அமெரிக்கச் செய்முறையில் வரும் பெரிய முட்டை என்பது ஓடு நீங்கலாகவே சுமார் 50 கிராம். நம் மளிகைக் கடை முட்டை பெரும்பாலும் ஓட்டோடு சேர்த்தே அந்த எடையைச் சற்றுத் தாண்டும், அவ்வளவுதான். அவர்கள் 8 முட்டை சொன்னால் நாம் 9 போடுவது பொருத்தம். அவர்களுடைய கப் 240 மில்லி. நம் வீட்டு டம்ளருக்கு எந்த அளவும் கிடையாது. டிஜிட்டல் தராசு இருந்தால் இந்தக் குழப்பமே இல்லை. வெப்பநிலை ஃபாரன்ஹீட்டில் இருக்கும் என்பதையும் பார்த்துக்கொள்ளுங்கள்: அங்கே 350 என்றால் நமக்கு 175.

முட்டை வாடை பற்றித்தான் அதிகம் பேர் குறைப்படுகிறார்கள். எசென்ஸை இரட்டிப்பாக்கினால் வாடை போகாது. எசென்ஸ் வாடையும் சேர்ந்துகொள்ளும். வெள்ளைக்கருவைச் சரியாக அடிக்காமல் விடுவது ஒரு காரணம். பாலோடு கலக்காத வெள்ளைக்கரு பிரெட்டுக்குள் இறங்காமல் மேலேயே தங்கி, வெள்ளை வெள்ளையாக வெந்து நிற்கும். வாடை அங்கிருந்துதான் கிளம்புகிறது. முதலில் முட்டையை உப்பு, சர்க்கரையோடு மட்டும் சேர்த்து, கரண்டியைத் தூக்கினால் இழுவை இல்லாமல் ஒழுகும்வரை அடியுங்கள். பிறகு பாலைச் சேர்த்து வடிகட்டியில் ஊற்றுங்கள். கருவோடு ஒட்டியிருக்கும் வெள்ளைத் திரிகள் வடிகட்டியில் தங்கிவிடும். இன்னொரு காரணம் அதிகம் வேகவிடுவது. அதற்குப் பிறகு வருகிறேன்.

பட்டைத்தூளைப் பாலில் தூவிப் பாருங்கள்: எவ்வளவு கலக்கினாலும் பழுப்புத் திட்டாக மேலே மிதக்கும். ஊற்றும்போது முதல் துண்டிலேயே மொத்தமும் ஒட்டிக்கொள்ளும், மற்ற துண்டுகளுக்கு ஒன்றும் கிடைக்காது. சர்க்கரையோடு முதலிலேயே கலந்து முட்டையில் சேர்த்து அடித்தால் ஒரே சீராகப் பரவும். பல அடுக்காகச் சுருண்டு கையால் நொறுக்கக்கூடிய இலங்கைப் பட்டை கிடைத்தால் அதை வாங்குங்கள். பிரியாணிக்குப் போடும் தடித்த பட்டை இனிப்பில் காரமாக இறங்கும். ஏலக்காயும் இதற்கு நன்றாகப் பொருந்தும்.

சர்க்கரைக்குப் பதில் வெல்லம் சேர்க்க நினைப்பவர்கள் அதைக் கலவையில் கரைக்க வேண்டாம். பாயசம் வைப்பவர்களுக்குத் தெரியும், சூடான பாலில் வெல்லம் சேர்ந்தால் திரிந்துவிடும் அபாயம் உண்டு. ஓவனுக்குள்ளும் அதேதான். வெல்லத்தைப் பாகாக்கி, பரிமாறும்போது மேலே ஊற்றினால் சுவைக்குச் சுவை, கஸ்டர்டும் பத்திரம்.

முட்டை சேர்க்காத வீடுகளில் கஸ்டர்ட் பவுடர் பயன்படுத்துகிறார்கள். நல்ல மாற்றுத்தான். ஆனால் அதைக் குளிர்ந்த பாலில் கரைத்து அப்படியே பிரெட் மேல் ஊற்றினால், ஊறும் நேரத்தில் மாவு அடியில் படிந்துவிடும். மேலே வெறும் பால், கீழே பச்சை மாவு. அரை லிட்டர் பாலுக்கு இரண்டு மேசைக்கரண்டி பவுடர் சேர்த்து, அடுப்பில் கொதிவரக் காய்ச்சி, நீர்க்க இருக்கும் நிலையில் இறக்கி, ஆறவைத்து ஊற்ற வேண்டும்.

ஊறும் நேரம்

தோசைக்கல்லுக்கு முக்கி எடுப்பதுபோல் எடுத்தால் நடுவில் வெள்ளைப் பட்டையாக வறண்ட பிரெட் நிற்கும். உலர்த்திய கனமான துண்டுக்கு அரை மணி நேரமாவது வேண்டும். பாதி நேரத்தில் துண்டுகளைத் திருப்பிவிடுங்கள். ஊறிவிட்டதா என்று தெரிந்துகொள்ள, ஒரு துண்டின் நடுவில் விரலால் மெல்ல அழுத்துங்கள். கடினமான இடம் எதுவும் தட்டுப்படாமல் முழுவதும் ஒரே மென்மையாக இருக்க வேண்டும். விரலை எடுத்ததும் குழியில் கலவை கசிந்து, மறுபடி உள்ளே போக வேண்டும். பாத்திரத்தின் அடியில் மெல்லிய படலமாகக் கலவை மிஞ்சியிருந்தால் நல்லது. விரலளவு தேங்கி நின்றால் பிரெட் போதாது, இன்னொரு துண்டைக் கிழித்து இடையில் செருகுங்கள்.

இரவே ஊறவைத்துக் காலையில் சுடுவது வசதிதான். அதற்கு நன்றாக உலர்ந்த, கனமான பிரெட் மட்டுமே தாங்கும். மூடி போட்டு ஃப்ரிட்ஜில்தான் வைக்க வேண்டும். பச்சை முட்டையும் பாலும் சேர்ந்த கலவை சமையலறை மேடையில் இரவு முழுவதும் இருக்கக் கூடாது. இதில் சமரசமே வேண்டாம். இரவே பழம் சேர்ப்பவர்களும் உண்டு. வாழைப்பழம் கறுத்துவிடும். பச்சை அன்னாசியிலும் பப்பாளியிலும் உள்ள நொதிகள் பால், முட்டைப் புரதத்தைச் சிதைத்து, கசப்பையும் நீர்த்தன்மையையும் கொண்டுவரும். பழங்களைத் தட்டில் வைத்த பிறகு சேர்ப்பதே நல்லது. உலர்திராட்சை மட்டும் விதிவிலக்கு. அதை வெந்நீரில் ஊறவைத்துப் பிழிந்து சேர்க்கலாம்.

ஃப்ரிட்ஜிலிருந்து எடுத்த கண்ணாடிப் பாத்திரத்தைச் சூடான ஓவனுக்குள் நேரே வைப்பது ஆபத்து. திடீர் வெப்ப மாற்றத்தில் கண்ணாடி வெடிக்கலாம். அரை மணி நேரம் வெளியே வைத்துவிட்டுப் பிறகு வையுங்கள். பாத்திரத்தின் அடியில் பட்டர் பேப்பர் போடுபவர்கள் அட்டையைப் படித்துப் பார்க்க வேண்டும். அந்தப் பெயரில் விற்கும் எல்லாத் தாளும் ஓவனுக்கானது அல்ல. மெழுகு பூசிய தாள் உருகி ஒட்டிவிடும். தாராளமாக வெண்ணெய் தடவினாலே போதும், தாளுக்கு அவசியமில்லை.

சூடு

கஸ்டர்ட் உறைவது சுமார் 80 டிகிரியில். 90ஐ நெருங்கினால் முட்டைப் புரதம் இறுகிச் சுருங்கி, தான் பிடித்து வைத்திருந்த நீரை வெளியே தள்ளிவிடும். பாத்திரத்தின் அடியில் தேங்கும் தண்ணீர் அதுதான். அதைப் பார்த்து "இன்னும் வேகவில்லை" என்று மேலும் பத்து நிமிடம் வைப்பவர்கள் பலர். அப்போது தண்ணீரும் கூடும், ரப்பர்போல ஆகும், முட்டை வாடையும் தலைதூக்கும். வெளியே 175 டிகிரி இருந்தாலும் உள்ளே 80ஐத் தாண்டாமல் பார்த்துக்கொள்வதுதான் இங்கே கைத்திறன்.

ஓ.டி.ஜி.யில் மேல் கம்பி உணவுக்கு மிக அருகில் இருக்கும். பெரிய ஓவனுக்கு எழுதிய செய்முறைப்படி மூடாமல் வைத்தால் இருபது நிமிடத்தில் மேற்புறம் கறுத்துவிடும், நடுப்பகுதி அப்போதும் பாலாகவே இருக்கும். அதற்காக முழு நேரமும் மூடிவைத்தால் ஆவியில் வெந்து, மேலே வெளுத்து ஈரமாக வரும். இரண்டும் வேண்டாம். ஓவனை 175 டிகிரிக்கு முன்கூட்டியே சூடேற்றி, பாத்திரத்தை நடுத்தட்டில் வைத்து, முதல் 25 நிமிடம் அலுமினிய ஃபாயிலால் மூடுங்கள். பிறகு ஃபாயிலை எடுத்துவிட்டு, உருக்கிய வெண்ணெயும் ஒரு கரண்டி சர்க்கரையும் மேலே தூவி, இன்னும் 15 முதல் 20 நிமிடம். சர்க்கரையை முதலிலேயே தூவினால் கரைந்து உள்ளே போய்விடும். கடைசியில் தூவினால்தான் மேலே மொறுமொறுப்பாகப் பொன்னிறமாகும். விசிறியுள்ள கன்வெக்‌ஷன் ஓவன் என்றால் 20 டிகிரி குறைத்துக்கொள்ளுங்கள். சாதாரண மைக்ரோவேவ் முறையில் இதைச் செய்ய முயல வேண்டாம், சிவக்கவே சிவக்காது.

வெந்துவிட்டதா என்பதை நிறத்தை வைத்து முடிவு செய்யாதீர்கள். பாத்திரத்தை லேசாக அசைத்தால் ஓரங்கள் அசையாமலும் நடுப்பகுதி மட்டும் மெல்ல அதிர்ந்தும் நிற்க வேண்டும். நடுவில் கத்தியைச் செருகி இழுத்தால் ஈரம் இருக்கலாம், பால் வழியக் கூடாது. சமையல் வெப்பமானி இருந்தால் நடுவில் 80 காட்டும்போது எடுத்துவிடுங்கள்.

துண்டுகளைத் தனித்தனியாக மொறுமொறுப்பாக விரும்புபவர்களுக்கு வேறு வழி: ஊறிய துண்டுகளை, சூடாக்கி வெண்ணெய் தடவிய தட்டில் இடைவெளி விட்டு அடுக்கி, 200 டிகிரியில் ஒரு பக்கம் பத்து நிமிடம், திருப்பி எட்டு நிமிடம். இதற்கு ஊறவைப்பது பக்கத்துக்கு இரண்டு நிமிடம் போதும்.

எடுத்த பிறகு

பத்து நிமிடம் ஆறவிடுங்கள். ஓவனிலிருந்து எடுத்த கணத்தில் கஸ்டர்ட் இன்னும் தளர்வாக இருக்கும். உடனே வெட்டினால் சரிந்துவிடும். தேனோ பாகோ ஊற்றுவதானால் அதைத் தட்டில்தான் ஊற்ற வேண்டும். பாத்திரத்திலேயே ஊற்றினால் பாடுபட்டு வரவழைத்த மொறுமொறுப்பு பத்து நிமிடத்தில் ஊறிப்போகும். மேப்பிள் பாகு வாங்குபவர்கள் சீசாவின் பின்பக்கத்தைப் படியுங்கள். பேன்கேக் சிரப் என்று விற்பவற்றில் பல சோளச் சர்க்கரைப் பாகில் வாசனை சேர்த்தவை.

மிச்சமானதை இரண்டு மணி நேரத்துக்குள் ஃப்ரிட்ஜில் வைத்துவிட வேண்டும். கடும் வெயில் நாட்களில் ஒரு மணி நேரத்துக்குள். மூன்று நாள்வரை வைத்துச் சாப்பிடலாம். மறுபடி சூடாக்க மைக்ரோவேவ் வேண்டாம், கஸ்டர்ட் இறுகிவிடும். 160 டிகிரி ஓவனில் பத்துப் பன்னிரண்டு நிமிடம் வைக்கலாம். ஒரே ஒரு துண்டுதான் மிச்சம் என்றால், அதற்காக ஓவனைச் சூடேற்ற வேண்டியதில்லை. கொஞ்சம் வெண்ணெய் போட்டு, சிறு தீயில், தோசைக்கல்லிலேயே சூடாக்கிக்கொள்ளலாம்.