சின்னக் கல்யாணம்தானே என்று விட்டால்: மணப்பெண் சிகை அலங்காரத்தில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

நெருங்கிய சொந்தங்களும் நண்பர்களும் மட்டும் கூடும் கல்யாணம் என்றால் மண்டபம், பந்தல், அழைப்பிதழ் எல்லாமே சுருங்கிவிடும். மணப்பெண்ணின் தலைமுடி மட்டும் சுருங்காது. முந்நூறு பேர் வந்தாலும் முப்பது பேர் வந்தாலும் அதே நீளம், அதே அடர்த்தி, கொண்டை போட அதே நேரம். சொல்லப்போனால் சின்னக் கல்யாணத்தில்தான் பிசகினால் உடனே தெரியும். வந்தவர்கள் எல்லாரும் பக்கத்தில் நின்று பேசுவார்கள், படங்களும் கிட்டத்திலிருந்தே எடுக்கப்படும். அவசரத்துக்கு ஓடிவரக் கைகளும் குறைவு.

முதல் தவறு, ஆளைத் தேடுவதையே தள்ளிப்போடுவது. ஒரு தலைக்குத்தானே, கடைசி வாரத்தில்கூடக் கிடைப்பார்கள் என்று நினைப்போம். அலங்காரம் செய்பவர் பக்கம் கணக்கு வேறு. ஒரு மணப்பெண்ணுக்காக மட்டும் வந்தாலும் அவருடைய காலைப்பொழுது முழுவதும் போய்விடும். அதனால்தான் பலர் குறைந்தது இத்தனை பேர், அல்லது குறைந்தது இவ்வளவு கட்டணம் என்று வைத்திருக்கிறார்கள். கேட்கும்போதே எத்தனை தலைகள் என்பதைச் சொல்லிவிடுங்கள். சின்னக் கல்யாணத்தில் நாளை மாற்றிக்கொள்ளும் வசதி இருந்தால் வார நாளைப் பாருங்கள், நல்ல கைகள் அன்றைக்குச் சுலபமாகக் கிடைக்கும்.

அட்வான்ஸ் கொடுப்பதற்கு முன் சிலவற்றைக் கேட்டே ஆக வேண்டும். ட்ரையலுக்கு, அதாவது முன்கூட்டியே ஒருமுறை போட்டுப் பார்ப்பதற்கு, தனிக் கட்டணமா? பயணச் செலவு யாருடையது? சவுரி, பின், கிளிப் எல்லாம் அவர் கொண்டுவருவாரா? முக்கியமாக, ட்ரையலில் கை வைத்தவரே அன்றைக்கும் வருவாரா, உதவியாளரை அனுப்புவாரா? அவருக்குக் காய்ச்சல் வந்தால் மாற்று யார்? பதில்களை மெசேஜில் எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். இதைக் கேட்டால் முகம் சுளிப்பவரிடம் தலையைக் கொடுக்காமல் இருப்பதே மேல்.

அடுத்தது நேரம். அதிகம் சொதப்புவது இங்கேதான். மணப்பெண்ணுக்கு ஒன்று முதல் ஒன்றரை மணி நேரம், மற்றவர்களுக்குத் தலைக்கு அரை மணி முதல் முக்கால் மணி என்று வைத்துக்கொள்ளலாம். அம்மா, அக்கா, தோழி என்று மூன்று பேர் சேர்ந்தால், ஒரே ஆள் செய்யும்போது மூன்றரை மணி நேரம் போய்விடும். மேக்கப்பும் அதே அறையில், அதே கண்ணாடி முன்னால் என்றால் இன்னும் இழுக்கும். சடங்கு தொடங்கும் நேரத்திலிருந்து பின்னோக்கி எண்ணுங்கள். உடை மாற்ற, நகை போட, வழிப் பயணத்துக்கு எல்லாம் கழித்துவிட்டு, அதற்கும் மேல் அரை மணி நேரம் சும்மா விட்டுவையுங்கள். அந்த அரை மணி யாரோ ஒருவருக்கு நிச்சயம் தேவைப்படும்.

வரிசையும் முக்கியம். மணப்பெண்ணை முதலில் உட்காரவைத்தால் சடங்குக்கு முன்பே சுருள்கள் தளர ஆரம்பித்துவிடும். கடைசியில் உட்காரவைத்தால் மற்றவர்களின் தாமதம் எல்லாம் அவள் தலையில் விழும். கடைசிக்கு முந்தைய இடம்தான் பாதுகாப்பு. அப்புறம், அலங்காரத்துக்கு உட்காரும்போது தலைவழியாகக் கழற்ற வேண்டிய உடை போட்டிருக்கக் கூடாது. முன்பக்கம் பட்டன் வைத்த சட்டை போதும். சின்ன விஷயம்தான், இதனால் கொண்டையைப் பிரித்து மறுபடி போட நேர்ந்தால் போகும் நேரம் சின்னதில்லை.

செலவைக் குறைக்க ட்ரையலை வெட்டுகிறார்கள். என் பார்வையில் வேறு எதை வெட்டினாலும் இதை வெட்டக் கூடாது. சுமார் ஒரு மாதத்துக்கு முன், முடி வெட்டும் வேலை ஏதாவது இருந்தால் அது முடிந்த பிறகு, வைத்துக்கொள்ளுங்கள். தலையில் வைக்கப்போகும் பூ, நகை, முக்காடு எதுவானாலும் எடுத்துப் போங்கள், அல்லது அதே எடையில் ஒன்றை. ட்ரையலுக்குப் போட்டுப்போகும் உடையின் கழுத்து வெட்டு கல்யாண உடையினதை ஒத்திருக்கட்டும். முடிந்ததும் கண்ணாடியில் பார்த்துவிட்டுக் கலைத்துவிடாமல் நாலைந்து மணி நேரம் அப்படியே இருங்கள். குனியுங்கள், நாலு பேரைக் கட்டிப்பிடியுங்கள். எந்த பின் குத்துகிறது, எந்தப் பக்கம் சரிகிறது, தலைவலி வருகிறதா என்பதெல்லாம் அப்போதுதான் தெரியும். வெயில் வெளிச்சத்தில் பக்கவாட்டிலும் பின்னாலும் படம் எடுத்துப் பாருங்கள். நாள் முழுக்க மற்றவர்கள் பார்க்கப்போவது பின்னந்தலையைத்தான்.

ட்ரையலுக்குக் கொண்டுபோகும் படங்களிலும் ஒரு ஏமாற்று இருக்கிறது. இணையத்தில் கண்ணைப் பறிக்கும் பின்னல்கள் பல, வெளிர் நிற முடியில் போடப்பட்டவை. அந்த நிறத்தில் ஒவ்வொரு முறுக்கும் நிழலோடு தனித்தனியாகத் தெரியும். கறுத்த முடியில் அதே நுணுக்கம் கலந்து மறைந்துவிடும். பெரிய முறுக்கு, தெளிவான வகிடு, திரண்ட கொண்டை ஆகியவைதான் எடுபடும். அந்தப் படங்களில் உள்ளே சவுரியும் நிறைய ஒளிந்திருக்கும். உங்கள் முடியின் நிறமும் அடர்த்தியும் உள்ள ஒருவரின் படத்தைத் தேடிக் காட்டுங்கள். பிடிக்காத அலங்காரத்தின் படம் ஒன்றையும் காட்டினால் பேச்சு சீக்கிரம் முடியும்.

கடைசி வாரத்தில் முடியில் புதிதாக எதையும் முயன்று பார்ப்பது ஆபத்தான ஆசை. கறுப்புச் சாயங்கள் பலவற்றில் பிபிடி என்ற வேதிப்பொருள் உண்டு. ஒவ்வாமை இருந்தால் அரிப்பும் வீக்கமும் உடனே வராமல் ஒன்றிரண்டு நாள் கழித்தும் வரலாம், அதுவும் முகத்தில். சாயம் போடும் எண்ணம் இருந்தால் 48 மணி நேரத்துக்கு முன் தோலில் தடவிச் சோதித்துவிட்டு, கல்யாணத்துக்கு இரண்டு வாரம் முன்பே முடித்துவிடுங்கள். வெட்டுவதும் அப்படித்தான். முடி மாதத்துக்குச் சுமார் 1 செ.மீ.தான் வளரும், தவறிய வெட்டுக்குக் கடைசி வாரத்தில் மருந்து கிடையாது.

முடி நிற்பதும் விழுவதும் ஈரத்தைப் பொறுத்தது. முடியின் புரதத்துக்குள் ஹைட்ரஜன் பிணைப்புகள் உண்டு. தண்ணீரும் சூடும் அவற்றைப் பிரிக்கும். உலர்ந்து ஆறும்போது, அந்த நேரத்தில் முடி எந்த வடிவில் இருக்கிறதோ அதே வடிவில் அவை மறுபடி சேரும். சுருட்டிய முடியை ஆறும்வரை பின் குத்தி வைக்கச் சொல்வது இதற்காகத்தான். அவசரத்தில் சூட்டோடு அவிழ்த்தால் சுருள் அப்போதே தொங்கும். ஈரப்பதம் மிகுந்த நாளில் விரித்துவிட்ட சுருள்களை நம்பாமல் தூக்கிக் கட்டுவது நல்லது. விழுகிறதே என்று ஸ்ப்ரேயை அடித்துக்கொண்டே போனால் முடி கனத்து இன்னும் தாழும். பாதி ஈரத்தில் கர்லிங் அயர்னை வைப்பது இதைவிட மோசம். உள்ளே இருக்கும் நீர் கொதித்து முடியிழைக்குள் குமிழ்களை உண்டாக்கும், அந்த இடத்தில் முடி ஒடியும். சாயம் போட்ட மெல்லிய முடிக்கு 150 டிகிரி செல்சியஸ் பக்கம் போதும். அடர்ந்த முடிக்கும் 200-ஐத் தாண்ட வேண்டியதில்லை.

ஆகவே பெரும்பாலானவர்கள் முந்தின நாள் தலைக்குக் குளிப்பதே நல்லது. கண்டிஷனரை நுனியோடு நிறுத்துங்கள், வேர்வரை பூசினால் குத்தும் பின்கள் வழுக்கும். உச்சந்தலையில் சீக்கிரம் பிசுக்குச் சேர்பவர்கள் காலையிலேயே குளிக்கலாம், முழுக்க உலர நேரம் இருந்தால்.

பின்னைப் பற்றி ஒரு வரி: பாபி பின்னின் நெளிந்த பக்கம் தலையை ஒட்டி, நேரான பக்கம் மேலே. பலர் தலைகீழாகக் குத்திவிட்டு, நிற்கவில்லை என்று இன்னும் பத்தைக் குத்துகிறார்கள்.

தோழியோ அக்காவோ செய்துவிடுவதாகச் சொன்னால் தாராளமாகச் சரி சொல்லலாம். சின்னக் கல்யாணத்துக்கு அது பொருத்தமும்கூட. ஆனால் உங்கள் தலையிலேயே, கடிகாரத்தை வைத்துக்கொண்டு, இரண்டு முறையாவது போட்டுப் பார்க்கச் சொல்லுங்கள். காணொளியில் பத்து நிமிடமாகத் தெரிவது கையில் முக்கால் மணி நேரம் ஆகும். அவரும் உடுத்திக்கொண்டு விருந்தாளியாக நிற்க வேண்டியவர் என்பதையும் நேரக் கணக்கில் சேருங்கள்.

அலங்காரம் செய்தவர் கிளம்பிய பிறகு யார் பார்ப்பார்கள்? இதை யாரும் யோசிப்பதில்லை. ஒரு சின்னப் பையில் பத்துப் பின், சீப்பு, முடியின் நிறத்திலேயே ரப்பர் பேண்டு, சிறிய ஸ்ப்ரே போட்டு ஒருவர் கையில் கொடுங்கள். கொண்டை கட்டும்போது பக்கத்தில் நின்று பார்த்தவராக அவர் இருந்தால் எங்கே குத்த வேண்டும் என்று தெரிந்திருக்கும்.

இரவில் கலைக்கும்போது நேராகச் சீப்பை இழுக்காதீர்கள். பின்களை எல்லாம் எடுத்துவிட்டு, ஸ்ப்ரேயால் விறைத்த முடியில் கண்டிஷனரைத் தடவி ஊறவிட்டு, நுனியிலிருந்து மேல்நோக்கிச் சிக்கெடுத்து, பிறகு ஷாம்பு போடுங்கள். கை நிறைய முடி வந்தால் பதற வேண்டாம். சாதாரணமாகவே நாளைக்கு 50 முதல் 100 முடி உதிரும். அன்று முழுவதும் பின்னுக்குள் சிக்கியிருந்ததும் சேர்ந்துதான் வருகிறது.