தாஷி சொல்லித்தரும் வீடாகப் பாருங்கள்: ஜப்பான் பயணத்தில் ஒரு சமையல் வகுப்பு

ஜப்பானுக்குப் போகிறவர்கள் சமையல் வகுப்பு என்றதும் சுஷியைத் தேடுவார்கள், இல்லாவிட்டால் ராமென். இரண்டும் நல்ல சாப்பாடுதான், ஆனால் பெரும்பாலும் கடையில் போய்ச் சாப்பிடுவது. ஒரு ஜப்பானியக் குடும்பம் சாதாரண நாளில் ராத்திரி என்ன சாப்பிடுகிறது என்று தெரிய வேண்டுமா? சோறு, மிசோ என்ற புளித்த சோயா விழுதில் செய்யும் சூப், கூட இரண்டு மூன்று பதார்த்தம் என்று சொல்லித்தரும் வகுப்பில் சேருங்கள். ஒரு சூப், மூன்று பதார்த்தம் என்ற இந்த அமைப்பை அங்கே இசிஜூ சன்சாய் என்கிறார்கள். 2013-இல் யுனெஸ்கோ பாரம்பரியப் பட்டியலில் ஜப்பானிய உணவு மரபைச் சேர்த்தபோது, இந்த அன்றாடச் சாப்பாடும் அதில் அடக்கம்.

வகுப்பைத் தேர்ந்தெடுக்க நான் ஒரே ஒரு விஷயத்தைத்தான் பார்ப்பேன். தாஷியை முதலிலிருந்து செய்து காட்டுகிறார்களா? கோம்பு என்ற காய்ந்த கடற்பாசியையும் கட்சுவோபுஷி என்ற காய்ந்த மீன் சீவலையும் வைத்து எடுக்கும் சாறுதான் தாஷி. மிசோ சூப், வேகவைத்த காய்கறி, முட்டை, நூடுல்ஸ் என்று எல்லாவற்றுக்கும் அடியில் அதுதான் இருக்கிறது. நிறைய ஜப்பானிய வீடுகளில் இன்று தாஷித் தூளைப் போட்டுத்தான் சமைக்கிறார்கள், அதில் தவறே இல்லை. ஆனால் கற்றுக்கொள்வதற்கென்று போகிற நாம் அந்தச் சாறு உருவாவதைப் பார்க்க வேண்டும். அது புரிந்துவிட்டால் மற்ற பத்து பதார்த்தங்கள் தானாகப் புரியும்.

ஏர்கிச்சன், பைஃபுட் போன்ற தளங்களில் வீட்டிலேயே சொல்லித்தருகிறவர்களை ஊர் வாரியாகத் தேடலாம். ஒருவருக்கு 6,000 யென்னிலிருந்து 12,000 யென் வரை கேட்பது சகஜம், இரண்டரை மணி முதல் மூன்று மணி நேரம் ஆகும். பணம் கட்டுவதற்கு முன் மூன்று கேள்விகளை எழுதிக் கேளுங்கள். நாங்களே சமைப்போமா, அல்லது நீங்கள் செய்வதைப் பார்ப்போமா? மொத்தம் எத்தனை பேர்? தாஷித் தூளா, புதிதாக எடுப்பதா? ஆறு பேருக்கு மேல் இருந்தால் நான் சேர மாட்டேன். வீட்டு அடுப்படியில் அதற்கு மேல் இடமிருக்காது, பின்னால் நிற்பவர்கள் கத்தியைத் தொடக்கூட முடியாமல் போய்விடும். ஏப்ரல் கடைசியில் தொடங்கும் கோல்டன் வீக், ஆகஸ்ட் நடுவில் வரும் ஓபோன், புத்தாண்டு ஆகிய விடுமுறை நாட்களில் ஆசிரியர்களும் குடும்பத்தோடு இருக்க விரும்புவார்கள் என்பதால் தேதி கிடைப்பது கஷ்டம்.

இன்னொன்று: வகுப்பைப் பயணத்தின் கடைசி நாளில் வைக்காதீர்கள். இரண்டாவது அல்லது மூன்றாவது நாள் சரியாக இருக்கும். அதற்குப் பிறகு சூப்பர்மார்க்கெட்டில் எந்த அலமாரியில் என்ன இருக்கிறது என்று தெரியும், கடையில் தட்டில் வருவது எதில் செய்தது என்றும் தெரியும்.

சைவம் சாப்பிடுகிறவர்கள் இந்தப் பகுதியைக் கவனமாகப் படியுங்கள். நான் சைவம், முட்டை மட்டும் சாப்பிடுவேன். என்னோடு வந்த தங்கை மீன் சாப்பிடுவாள். ஜப்பானில் 'வெஜிடேரியன்' என்று மட்டும் சொன்னால் போதாது. இறைச்சித் துண்டும் மீன் துண்டும் கண்ணுக்குத் தெரியாவிட்டால் அது சைவம் என்றே பலர் நல்லெண்ணத்தோடு நினைப்பார்கள். வெறும் பூசணியையும் முள்ளங்கியையும் வேகவைத்திருப்பார்கள், வேகவைத்த நீர் மீன் சாறாக இருக்கும். கீரையின் மேல் அலங்காரமாகக் கட்சுவோபுஷி தூவியிருக்கும். அதனால் பதிவு செய்யும்போதே இப்படி எழுதி அனுப்புங்கள்: "நிகு மோ சகனா மோ தபேமசென். கட்சுவோ தாஷி மோ தாமே தேசு." இறைச்சியும் மீனும் சாப்பிட மாட்டேன், கட்சுவோ தாஷியும் ஆகாது என்று அர்த்தம். கூடவே, கோம்பும் காய்ந்த ஷிடாகே காளானும் போட்டு எடுத்த தாஷி சரி என்றும் சேர்த்துக்கொள்ளுங்கள். இதைக் கேட்பதற்குத் தயங்க வேண்டாம். பௌத்த மடங்களின் ஷோஜின் சமையலில் காலங்காலமாக இருக்கிற சாறு அது, ஆசிரியர்களுக்கு நன்றாகத் தெரியும். சொன்னால் முந்தின நாளே ஊறப்போட்டு வைப்பார்கள். வகுப்பு அன்று போய்ச் சொன்னால்தான் அவர்களுக்குச் சங்கடம்.

மதுவைத் தவிர்ப்பவர்கள், சமையலில் சேரும் மிரின் என்ற இனிப்பு அரிசி மதுவையும் சகே என்ற அரிசி மதுவையும் பற்றி முன்பே சொல்ல வேண்டும். உண்மையான மிரினில் சுமார் 14 சதவீதம் ஆல்கஹால் உண்டு. கோதுமை ஒத்துக்கொள்ளாதவர்கள் சோயா சாஸைப் பற்றிச் சொல்லுங்கள், வழக்கமான சோயா சாஸில் கோதுமை சேரும்.

அன்றைக்கு நீங்கள் போவது ஒருவருடைய வீட்டுக்கு. ஜப்பானில் பெரும்பாலான தெருக்களுக்குப் பெயர் கிடையாது, முகவரி வட்டார எண்களில்தான் ஓடும். ரயில் நிலையத்தின் எந்த வாசலில் வெளியே வர வேண்டும் என்று முன்பே கேட்டு வைத்துக்கொள்ளுங்கள், பலர் அங்கேயே வந்து அழைத்துப்போவார்கள். தாமதம் கூடவே கூடாது. வீடு என்பதால் ரொம்ப முன்னால் போய் மணியடிப்பதும் நல்லதல்ல, அவர்கள் இன்னும் துடைத்து அடுக்கிக்கொண்டிருப்பார்கள். ஓட்டையில்லாத சாக்ஸ் போட்டுக்கொண்டு போங்கள், வாசலிலேயே செருப்பைக் கழற்ற வேண்டும். கழிப்பறைக்குத் தனிச் செருப்பு இருக்கும், அதை அங்கேயே விட்டுவிட்டு வர வேண்டும். வாசனைத் திரவியம் அடித்துக்கொண்டு போகாதீர்கள். தாஷியின் மணம் மிக மெல்லியது, அறையில் வேறு வாசனை இருந்தால் யாருக்குமே அது கிடைக்காது. டிப்ஸ் கொடுக்கும் வழக்கம் அங்கே இல்லை. உங்கள் ஊரிலிருந்து ஒரு சின்னத் தின்பண்டப் பெட்டி கொண்டுபோய்க் கொடுத்தால் மனம் நிறைந்து வாங்கிக்கொள்வார்கள். ஆசிரியரை 'சென்செய்' என்று கூப்பிடுங்கள்.

இப்போது தாஷி. நாங்கள் கற்றுக்கொண்டது கியோத்தோவில், அறுபதைத் தாண்டிய ஒரு சென்செயின் வீட்டில். எங்கள் இருவருக்காகவும் இரண்டு பாத்திரம் வைத்தார். ஒரு லிட்டர் தண்ணீருக்குப் பத்து கிராம் கோம்பு. அதன் மேல் வெள்ளையாகப் பூத்திருக்கும் பொடியைக் கழுவக் கூடாது, ருசியே அதில்தான் இருக்கிறது, ஈரத்துணியால் லேசாகத் துடைத்தால் போதும். அரை மணி நேரம் ஊறவிட்டு, மிதமான தீயில் மெதுவாகச் சூடேற்றினார். பாத்திரத்தின் அடியில் சின்னச் சின்னக் குமிழிகள் வரத் தொடங்கியதும் கோம்பை எடுத்துவிட்டார். கொதிக்க விட்டால் வழவழப்பும் கசப்பும் இறங்கிவிடும். தங்கையின் பாத்திரம் கொதி வந்ததும் தீயை அணைத்து, ஒரு பெரிய கைப்பிடி கட்சுவோபுஷியைப் போட்டார். அது அடியில் இறங்க ஓரிரு நிமிடம், அப்புறம் துணியில் வடிகட்டல். பிழியவே கூடாது. என் பாத்திரத்தில் முந்தின இரவே குளிர்ந்த நீரில் ஊறிய ஷிடாகேயின் சாறு சேர்ந்தது.

பிறகு ருசி பார்க்கச் சொன்னார். முதலில் வெறும் கோம்புச் சாறு, அப்புறம் கலந்தது. தனியாகக் குடித்தபோது அமைதியாக இருந்த சாறு, ஷிடாகே சேர்ந்ததும் நாக்கு முழுக்கப் பரவியது. இதற்குக் காரணம் இருக்கிறது. 1908-இல் கிகுனாயே இகேதா என்ற விஞ்ஞானி தோக்கியோவில் கோம்பிலிருந்து குளூட்டமேட் என்ற ருசிப் பொருளைக் கண்டறிந்து, அந்த ருசிக்கு உமாமி என்று பெயர் வைத்தார். கட்சுவோபுஷியில் இருப்பது இனோசினேட், ஷிடாகேயில் குவானிலேட். இவற்றில் ஏதாவது ஒன்று குளூட்டமேட்டோடு சேரும்போது ருசி பல மடங்காகிறது. உங்கள் வகுப்பிலும் கேளுங்கள்: 'தனியாக ஒரு வாய், கலந்து ஒரு வாய் கொடுங்கள் சென்செய்' என்று. எந்த ஆசிரியரும் சந்தோஷமாகவே கொடுப்பார்.

எழுதிக்கொள்ள வேண்டிய அளவுகள் சில. ஜப்பானிய அளவுக் கோப்பை 200 மில்லி, அரிசிக் கோப்பை மட்டும் 180 மில்லி. இதைக் குறித்துக்கொள்ளாவிட்டால் வீட்டில் எல்லா அளவும் தப்பாகும். காய்கறி வேகவைக்க எங்கள் சென்செய் சொன்ன கணக்கு தாஷி 8, சோயா சாஸ் 1, மிரின் 1. கியோத்தோ பக்கம் உசுகுச்சி என்ற வெளிர்நிறச் சோயா சாஸைப் பயன்படுத்துகிறார்கள். நிறம் குறைவு, உப்பு அதிகம், அதனால் கொஞ்சம் குறைத்து ஊற்றுங்கள். சர்க்கரை முதலில், பிறகு உப்பு, வினிகர், சோயா சாஸ், கடைசியில் மிசோ என்பது அங்கே எல்லாரும் சொல்லும் வரிசை. சர்க்கரை மெதுவாக உள்ளே இறங்குவதால் முன்னால் வருகிறது, சோயா சாஸும் மிசோவும் மணம் போகாமலிருக்கப் பின்னால் போகின்றன. மிசோவைக் கரைத்த பிறகு சூப்பைக் கொதிக்க விடக் கூடாது என்பதும் அதனால்தான்.

தமகோயாகி என்ற சுருட்டிய முட்டையை நிச்சயம் செய்யச் சொல்வார்கள். அதற்கென்றே செவ்வகச் சட்டி இருக்கிறது. கிழக்கே தோக்கியோ பக்கம் இனிப்பு தூக்கலாக இருக்கும், மேற்கே கியோத்தோ, ஒசாகா பக்கம் தாஷி நிறையச் சேர்த்து மெத்தென்று செய்வார்கள். தாஷி கூடக் கூடச் சுருட்டுவது கடினம். உங்கள் முறை வரும்போது வீடியோ எடுக்கிற வேலையைப் பக்கத்திலிருப்பவரிடம் கொடுத்துவிட்டு, இரண்டு கையையும் சட்டியிலும் நீளக் குச்சியிலும் வையுங்கள். முட்டை பாதி வெந்திருக்கும்போதே சுருட்ட வேண்டும் என்பது கைக்குத்தான் புரியும்.

சாப்பிட உட்கார்ந்ததும் 'இததாகிமாசு', முடித்ததும் 'கோசிசோசமா தேஷிதா' என்று சொல்லுங்கள், இரண்டும் சாப்பாட்டுக்கு நன்றி சொல்லும் வார்த்தைகள். சோற்றுக் கிண்ணம் இடது பக்கம், சூப் வலது பக்கம். கிண்ணத்தைக் கையில் எடுத்துச் சாப்பிடுவதுதான் மரியாதை. குச்சியைச் சோற்றில் நட்டு வைப்பதும், ஒரு குச்சியிலிருந்து இன்னொரு குச்சிக்கு உணவைக் கைமாற்றுவதும் இறப்புச் சடங்குக்கு உரியவை, தவிருங்கள். முடிந்ததும் பாத்திரம் கழுவட்டுமா என்று கேளுங்கள். வேண்டாம் என்றால் வற்புறுத்தாமல் விட்டுவிடுங்கள்.

புறப்படும்முன் சென்செய் வாங்கும் கோம்பு, மிசோ பாக்கெட்டுகளைப் படம் எடுத்துக்கொள்ளுங்கள், சூப்பர்மார்க்கெட்டில் அதைக் காட்டிக் கேட்டாலே எடுத்துத் தருவார்கள். சட்டி, எள் அரைக்கும் வரிவரியான மண் கிண்ணம் போன்றவற்றுக்குத் தோக்கியோவில் அசகுசாவுக்கும் உவேனோவுக்கும் நடுவிலுள்ள கப்பாபாஷி தெரு, ஒசாகாவில் தோகுயாசுஜி. கியோத்தோவில் நிஷிகி சந்தையிலேயே கத்திக்கடை உண்டு. கத்தி வாங்கினால் கடைக்காரர் கட்டிக்கொடுத்த பொதியைப் பிரிக்காமல் அறைக்குக் கொண்டுபோங்கள். 6 சென்டிமீட்டருக்கு மேல் நீளமுள்ள கத்தியைக் காரணமின்றி வெளியே எடுத்துச் செல்வது அங்கே குற்றம். விமானத்தில் கைப்பையில் வைக்காமல், சரக்கில் போகும் பெட்டிக்குள் வையுங்கள்.