நடவாட்களைப் பற்றி எழுதுவது எப்படி: குந்தர் வால்ராஃபிடம் கற்க வேண்டியவை

மேட்டூர் அணை திறந்து குறுவை நடவு தொடங்கியதும் பீகாரிலிருந்தும் மேற்கு வங்கத்திலிருந்தும் தஞ்சை, திருவாரூர் வயல்களுக்கு வந்து சேரும் நடவாட்களைப் பற்றி எழுத நினைக்கும் இளம் செய்தியாளர்கள், முதலில் ஜெர்மானியப் பத்திரிகையாளர் குந்தர் வால்ராஃபின் வாழ்க்கையைப் படிக்க வேண்டும். 1942இல் பிறந்த அவர் புத்தக விற்பனைப் பணி பயின்றவர். 1963இல் கட்டாய ராணுவ சேவைக்கு அழைக்கப்பட்டபோது ஆயுதம் ஏந்த மறுத்து, அங்கு பட்ட பாடுகளை நாட்குறிப்பாக எழுதினார். எழுத்தாளர் ஹைன்ரிஷ் பியோல் அவரை ஊக்கப்படுத்தினார்.

ஆகவே நாட்குறிப்பிலிருந்தே நீங்களும் தொடங்குங்கள். ஏக்கருக்குப் பேசிய கூலி எவ்வளவு, அதில் ஆட்களை அழைத்து வந்த முகவர் பிடித்தது எவ்வளவு, நாற்று பறித்து முடி கட்டி நட்டு முடித்தபின் ஒருவர் கைக்கு வந்தது எவ்வளவு என்பதை அன்றிரவே எழுதிவிடுங்கள். மறுநாள் எழுதினால் தொகை நினைவிருக்கும், சொன்னவரின் சொற்கள் நினைவிராது.

வால்ராஃப் ஆலைகளில் தொழிலாளியாக வேலை பார்த்துக்கொண்டே எழுதினார். 1977இல் வேறு பெயரில் ஹனோவரில் ‘பில்ட்’ நாளிதழின் நிருபராகச் சேர்ந்தார். 1983 முதல் ஏறத்தாழ ஈராண்டுகள், கறுப்புப் பொய்முடியும் கருநிறக் காண்டாக்ட் லென்சும் அணிந்து, அலி என்ற துருக்கியத் தொழிலாளியாக வாழ்ந்தார். டூயிஸ்பர்க் உருக்காலையில் ஒப்பந்தக்காரர் மூலம் வேலைக்குப் போன அவர், ஆலைக்கும் தொழிலாளிக்கும் நடுவே நிற்பவர்கள் எப்படிக் கூலியைத் தின்கிறார்கள் என்பதை 1985இல் வெளியான நூலில் காட்டினார். நம் பகுதிக்கு மிகவும் பொருந்துவது இந்தக் கண்ணிதான். நடவாள், முகவர், நிலக்காரர் மூவரிடமும் தனித்தனியே ஒரே கேள்வியைக் கேட்டு, மூன்று தொகைகளையும் அருகருகே எழுதிப் பாருங்கள்.

மாறுவேடத்தை மட்டும் நான் பரிந்துரைக்க மாட்டேன். எந்த ஊர், யார் வீட்டுப் பிள்ளை என்று கேட்டு அறியும் நம் கிராமங்களில் அது நிலைக்காது. வேறு பெயரில் பில்டில் சேர்ந்து அதைப் பற்றி எழுதியதற்காக வால்ராஃப்மீது தொடரப்பட்ட வழக்குகள் 1984இல் ஜெர்மனியின் அரசியலமைப்பு நீதிமன்றம்வரை சென்றன. அத்தகைய வழக்கைத் தாங்கும் வலு சிறு பத்திரிகைகளுக்கு இல்லை. உங்கள் பெயரையும் நோக்கத்தையும் சொல்லிவிட்டே வரப்பில் உட்காருங்கள்.

அறுவடைக்காலத்தில் நெல் கொள்முதல் நிலையத்துக்கும் செல்லுங்கள். ஈரப்பதம் 17 சதவீதத்தைத் தாண்டுகிறதா என்று கருவியில் பார்ப்பதும், 40 கிலோ சிப்பமாக எடைபோட்டுச் சாக்கைத் தைப்பதும், அதைத் தோளில் ஏற்றி லாரிக்கு நடப்பதும் கண்முன்னே நடக்கும். சுமை தூக்குவோருக்குச் சிப்பக் கணக்கில் கூலியா, நாட்கூலியா என்பதைக் கேட்டு எழுதுங்கள்.

அச்சுக்கு அனுப்புமுன், இந்தியோ வங்காளமோ அறிந்த ஒருவரைக் கொண்டு, எழுதியதைத் தொழிலாளிக்கு முழுமையாக வாசித்துக் காட்டுங்கள். அவர் வேண்டாம் என்ற வரியை நீக்குங்கள். முகவர் அடையாளம் காணாதபடி தொழிலாளியின் பெயரையும் சொந்த ஊரையும் மறைத்துவிடுங்கள்.