வீட்டிலேயே கடலுணவுக் கம்போ: நியூ ஆர்லியன்ஸ் பக்குவம்

நியூ ஆர்லியன்ஸ் நகரம் இருக்கும் அமெரிக்காவின் லூசியானா மாநிலத்தில், பல இனத்தார் வழக்கங்கள் கலந்து உருவான சமையலைக் கிரியோல் என்பார்கள். அதில் கம்போவுக்குத் தனி இடம். இறால், நண்டு, வெண்டைக்காய் போட்ட அடர்ந்த குழம்பு. வெறும் வெள்ளைச் சோற்றின் மேல் ஊற்றிச் சாப்பிடுவார்கள். ஆப்பிரிக்க மொழிகளில் வெண்டைக்காய்க்கு வழங்கிய பெயரே திரிந்து ‘கம்போ’ ஆனது என்பார்கள். அடிமைகளாகக் கொண்டுவரப்பட்ட ஆப்பிரிக்கர்களின் வெண்டைக்காயும், பிரெஞ்சுக்காரர்கள் மாவை வறுக்கும் முறையும் ஒரே பானையில் சேர்ந்த உணவு இது.

கம்போ கெடுவது பெரும்பாலும் இரண்டு இடங்களில்தான்: மாவு வறுக்கும்போதும், இறால் போட்ட பிறகும். அந்த இரண்டிலும் கவனமாக இருந்தால் முதல் தடவையே நன்றாக வரும்.

வேண்டியவை (6 பேருக்கு)

தலையும் ஓடும் உள்ள இறால் 750 கிராம், நடுத்தர நண்டு 2, பிஞ்சு வெண்டைக்காய் 250 கிராம், தக்காளி 2. மைதா 70 கிராம், மணமில்லாத சமையல் எண்ணெய் 120 மில்லி (வெண்டைக்காய் வதக்கவும் ஓடு வறுக்கவும் தனியாகக் கொஞ்சம்). பெரிய வெங்காயம் 2, செலரித் தண்டு 2, பச்சைக் குடைமிளகாய் 1, பூண்டு 5 பல். காய்ந்த தைம் இலை 1 தேக்கரண்டி, மிளகாய்த்தூள் அரைத் தேக்கரண்டி, மிளகுத்தூள் அரைத் தேக்கரண்டி, பே இலை 2, உப்பு, வெங்காயத்தாள் ஒரு கைப்பிடி.

வெங்காயம், செலரி, குடைமிளகாய் மூன்றையும் சேர்த்து லூசியானாவில் ‘பரிசுத்த மும்மை’ என்பார்கள். செலரி கிடைக்காவிட்டால் விட்டுவிடுங்கள். கொத்தமல்லித் தண்டு போட்டால் வேறு குழம்பாகிவிடும். பிரியாணிக்குப் போடும் இலையும் இதற்கு ஆகாது. அதில் மூன்று நரம்புகள் நீளவாக்கில் ஓடும், பட்டை வாசம் அடிக்கும். பே இலைக்கு நடுவில் ஒரே நரம்புதான்.

1. ஓட்டுச் சாறு

இறாலின் தலையையும் ஓட்டையும் எடுத்துத் தனியே வையுங்கள். முதுகைக் கீறிக் கறுப்புக் குடலை நீக்கி, சதையை ஃபிரிட்ஜில் வைத்துவிடுங்கள். அகலமான பாத்திரத்தில் ஒரு மேசைக்கரண்டி எண்ணெய் விட்டு, ஓடும் தலையும் செக்கச் சிவந்து வாசம் வரும்வரை வறுத்து, 2 லிட்டர் தண்ணீர் ஊற்றி 30 நிமிடம் மெல்லக் கொதிக்க விடுங்கள். தலைகளைக் கரண்டியால் நசுக்கி வடிகட்டினால் ஏறக்குறைய ஒன்றரை லிட்டர் சாறு கிடைக்கும். இதற்குப் பதில் பச்சைத் தண்ணீர் ஊற்றிச் செய்தால் கடல் வாசமே இருக்காது.

2. வெண்டைக்காய்

கழுவி, துணியால் ஈரம் போகத் துடைத்து, பிறகு நறுக்குங்கள். இரண்டு மேசைக்கரண்டி எண்ணெயில், மூடி போடாமல், நூல் இழுப்பது நிற்கும்வரை 15 நிமிடம் வதக்குங்கள். கடைசியில் தக்காளியைச் சேர்த்துக் குழைய விடுங்கள். இரும்புச் சட்டி வேண்டாம். வெண்டைக்காய் அதில் கறுத்துப் போகும். தக்காளி சேர்ப்பது நியூ ஆர்லியன்ஸ் கிரியோல் வழக்கம். மாநிலத்தின் மேற்கே, பிரெஞ்சு வழிவந்த கேஜன் மக்கள் பெரும்பாலும் சேர்ப்பதில்லை.

3. ரூ: கம்போவின் உயிர்

எண்ணெயில் மாவை நிறம் மாற வறுப்பதுதான் ‘ரூ’. தொடங்கும் முன் காய்கறிகள் எல்லாம் நறுக்கிக் கை எட்டும் இடத்தில் இருக்க வேண்டும். நடுவில் வெங்காயம் உரிக்கப் போனால் மாவு கருகிவிடும்.

அடிகனமான எவர்சில்வர் பாத்திரத்தில் 120 மில்லி எண்ணெயை மிதமாகச் சூடாக்கி, மைதாவைத் தூவிக் கட்டியில்லாமல் கலக்குங்கள். வெண்ணெய் வேண்டாம், அதிலுள்ள பால்பொருள் சீக்கிரம் கருகும். அடுப்பைக் குறைத்து, தட்டையான மரக்கரண்டியால் அடியையும் ஓரங்களையும் சுரண்டிக்கொண்டே இருங்கள். முதல் பத்து நிமிடம் ஒன்றுமே நடக்காததுபோல இருக்கும். பிறகு மணல் நிறம், வறுத்த வேர்க்கடலை நிறம், பழைய செப்புக்காசு நிறம் என்று மாறும். வாசமும் பச்சை மாவு வாசத்திலிருந்து, முந்திரி வறுபடும் வாசத்துக்குத் திரும்பும். 30 முதல் 40 நிமிடம் ஆகலாம். கடலுணவுக்குச் செப்புக்காசு நிறமே போதும். அதற்கு மேல் கறுக்க விட்டால் அந்த வறுவல் ருசி இறாலை அமுக்கிவிடும். ரூ கறுக்கக் கறுக்க மாவுச்சத்து சிதைவதால் குழம்பைக் கெட்டியாக்கும் சக்தியும் குறையும்.

கறுப்புப் புள்ளிகள் தெரிந்தால் கருகிவிட்டது என்று அர்த்தம். மனசைத் திடப்படுத்திக்கொண்டு கொட்டிவிட்டு மறுபடி தொடங்குங்கள். எதைச் சேர்த்தாலும் அந்தக் கசப்பு போகாது. இன்னொன்று: கொதிக்கும் ரூ தோலில் பட்டால் ஒட்டிக்கொண்டு ஆழமாகச் சுடும். குழந்தைகளை அருகில் விடாதீர்கள்.

நிறம் வந்ததும் வெங்காயம், செலரி, குடைமிளகாய் மூன்றையும் ஒரேயடியாகக் கொட்டுங்கள். ‘சுர்’ரென்று பொங்கும், அந்த ஈரம்தான் ரூவின் சூட்டைத் தணித்து, மேலும் கறுக்காமல் காக்கிறது. 6 நிமிடம் வதக்கிப் பூண்டைச் சேருங்கள்.

4. சேர்த்துக் கொதிக்க வைத்தல்

வெதுவெதுப்பான ஓட்டுச் சாற்றை ஒவ்வொரு கரண்டியாக ஊற்றிக் கலக்குங்கள். மொத்தமாக ஊற்றினால் ரூ திரிந்து திட்டுத்திட்டாக மிதக்கும். அப்படி ஆனாலும் நன்றாகக் கலக்கிக் கொதிக்க விட்டால் பெரும்பாலும் சேர்ந்துவிடும். வெண்டைக்காய்க் கலவை, தைம், பே இலை, தூள்கள் சேர்த்து, சிறு தீயில் 40 நிமிடம் வையுங்கள். மாவு ருசி போக இவ்வளவு நேரம் வேண்டும். மேலே மிதக்கும் எண்ணெயை வழித்து எடுங்கள்.

சுத்தம் செய்து இரண்டாக உடைத்த நண்டைப் போட்டு 15 நிமிடம் வேக விட்டு, அதன் பிறகே உப்புப் பாருங்கள். நண்டும் ஓட்டுச் சாறும் தம் பங்குக்கு உப்பைக் கொண்டுவந்திருக்கும்.

இறாலைக் கடைசியில் போடுங்கள். மூன்று நிமிடத்தில் பிறைபோல வளையும். உடனே அடுப்பை அணையுங்கள். வளையமாகச் சுருண்டுவிட்டால் ரப்பராகிவிட்டது என்று பொருள்.

5. சோறும் பரிமாறலும்

நீள அரிசியை உதிரியாக வடித்துக்கொள்ளுங்கள். பாஸ்மதியின் மணம் இதோடு மல்லுக்கட்டும்; மணமில்லாத பச்சரிசி நல்லது. கிண்ணத்தில் கொஞ்சம் சோறு, சுற்றிலும் நிறையக் கம்போ, மேலே வெங்காயத்தாள். காரச் சாஸை ருசி பார்த்த பிறகு ஊற்றுங்கள். நியூ ஆர்லியன்ஸில் டூக்கி சேஸ் உணவகத்தை நடத்திய லியா சேஸ் அம்மையார், தன் கம்போவில் எடுத்ததும் காரச் சாஸ் ஊற்றிய பராக் ஒபாமாவையே கண்டித்தவர்.

மறுநாள் கம்போ இன்னும் ருசிக்கும். அதற்காக அதிகம் செய்வதானால், இறால் போடும் முன்பே ஒரு பங்கை எடுத்து ஆறவைத்து ஃபிரிட்ஜில் வையுங்கள். சூடாக்கும்போது புது இறால் போட்டுக்கொள்ளலாம். சோற்றை மட்டும் அதில் கலந்து வைக்காதீர்கள். விடிவதற்குள் சாறெல்லாம் குடித்துக் களியாகிவிடும்.