தியோ யான்சனின் நடக்கும் கால்: மர மாதிரி செய்முறை

நெதர்லாந்துக் கலைஞர் தியோ யான்சன் 1990 முதல் பிவிசி குழாய்களால் கடற்கரையில் காற்றில் நடக்கும் உருவங்களைச் செய்துவருகிறார். அவற்றின் உயிர் கால் இணைப்பின் நீள விகிதத்தில்தான். அதை 3 மி.மீ. பிளைவுட்டில் செய்து பார்க்கலாம். கீழுள்ள எண்களை இரட்டித்து மில்லிமீட்டராகக் கொள்ளுங்கள்.

கிராங்க் (அச்சைச் சுற்றிச் சுழலும் கை) ஆரம் 15; அதன் நுனியில் உள்ளது கிராங்க் முளை. நிலை முளை (சட்டத்தில் அசையாமல் நிற்கும் முளை), கிராங்க் அச்சிலிருந்து பக்கவாட்டில் 38, கீழே 7.8. நிலை முளையில் ஒரு மூலையைப் பொருத்தும் மேல் முக்கோணம்: அங்கிருந்து உச்சி வரை 41.5, வெளி மூலை வரை 40.1, எதிர்ப்பக்கம் 55.8. பாத முக்கோணம்: மேல்பக்கம் 36.7, பாதம் வரை உள்பக்கம் 49, வெளிப்பக்கம் 65.7. கிராங்க் முளையிலிருந்து 50 நீளப் பட்டை மேல் முக்கோணத்தின் உச்சிக்கு, 61.9 பட்டை பாத முக்கோணத்தின் உள் மூலைக்கு. அதே மூலையை நிலை முளையோடு 39.3 பட்டை இணைக்கும். வெளி மூலைகள் இரண்டையும் இணைப்பது 39.4.

இவை துளை மையத்திலிருந்து மையம் வரையான அளவுகள். பட்டையின் நுனிக்கு அளந்தால் பாதத்தின் பாதை கோணலாகி, உருவம் ஏறி இறங்கித் தள்ளாடும். 

4 மி.மீ. போல்ட், நைலாக் நட் (தானாகக் கழலாதபடி உள்ளே நைலான் வளையம் கொண்டது), இடையே வாஷர். நட்டை இறுக்கி முடித்ததும் நான்கில் ஒரு பங்கு சுற்று தளர்த்துங்கள். இறுகினால் கிராங்க் சுற்றாது, அதிகம் ஆடினால் பாதம் தரையை உரசும்.

ஒரே கிராங்க் முளையில் எதிரெதிராக இரு கால்கள். இத்தகைய மூன்று ஜோடிகளை, அவற்றின் கிராங்க் முளைகள் அச்சைச் சுற்றி 120 பாகை இடைவெளியில் அமையும்படி வையுங்கள்.