ரெயில்ரோட் டைகூன் 2: போட்டிக் கம்பெனியை மந்தத்தில் வாங்குங்கள்

ரெயில் கம்பெனி நடத்தும் கணினி விளையாட்டான, 1998-இல் வந்த ரெயில்ரோட் டைகூன் 2-இல் எதிராளியோடு தண்டவாளம் போட்டு மல்லுக்கட்ட வேண்டாம். பொருளாதாரம் மந்தமாகும் வரை சொந்தப் பணத்தைச் சேர்த்து வைத்து, அப்போது அவர் கம்பெனிப் பங்குகளைக் கொஞ்சம் கொஞ்சமாக வாங்குங்கள். அவர் கம்பெனியை உங்களுடையதோடு இணைக்கலாமா என்று ஓட்டு போடுவது அதன் பங்குதாரர்கள்தான். பாதிக்கு மேல் உங்கள் கையில் இருந்தால் முடிவும் உங்களுடையதே. மந்தத்தில் பங்கு விலை தரையில் கிடக்கும், அதனால் செலவும் குறைவு. ஒவ்வொரு முறை வாங்கும்போதும் விலை ஒரு படி ஏறும், அதைக் கவனியுங்கள்.

எதிராளியே பாதிக்கு மேல் வைத்திருந்தால் இது பலிக்காது. அவர் கம்பெனிக்குக் கடன் பத்திரங்கள் நிறைய இருந்தாலும் விட்டுவிடுங்கள், அந்தக் கடனும் உங்கள் தலையில்தான் விழும். அப்புறம், கடன் வாங்கிப் பங்கு வாங்காதீர்கள். விலை இன்னும் சரிந்தால் கட்டாயமாக விற்கவேண்டி வரும்.